லைட் எரிஞ்சா போதுமா? வயரிங் வேலைக்கு ஆள் வைக்கும்முன் லைசென்ஸ் பார்ப்பது எப்படி

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தது. மயிலத்தில் ஒரே நாளில் சுமார் 50 செ.மீ. மழை. விழுப்புரம், திண்டிவனம் பகுதிகளில் வீடுகளுக்குள் வெள்ளம் புகுந்தது. தண்ணீர் வடிந்ததும் பல வீடுகளிலிருந்து முதல் போன் தெரிஞ்ச எலெக்ட்ரீஷியனுக்குத்தான் போயிருக்கும்.

அவர் வருவார், சுவிட்ச் போர்டைக் கழற்றித் துடைப்பார், மெயினைப் போடுவார். லைட் எரியும். ‘அவ்வளவுதான் சார்.’ ஆனால் லைட் எரிவதும் வயரிங் பத்திரமாக இருப்பதும் ஒன்றல்ல. சுவருக்குள் போகும் பைப்பில் ஈரம் தங்கியிருக்கலாம். வயரின் மேலுறை பலவீனமாகியிருக்கலாம். இதைக் கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. மெகர் என்ற கருவியால் 500 வோல்ட் கொடுத்து அளக்க வேண்டும். வயருக்கும் எர்த்துக்கும் இடையிலான இன்சுலேஷன் குறைந்தது 1 மெகா ஓம் இருக்க வேண்டும் என்பது விதி. உங்க வீட்டில் யாராவது மெகரோடு வந்து பார்த்திருக்கிறீங்களா?

சட்டம் எங்கே கோடு போடுகிறது?

மத்திய மின்சார ஆணையத்தின் பாதுகாப்பு விதிமுறைகள் (2010-ல் வந்து, 2023-ல் புதுப்பிக்கப்பட்டவை) இதில் தெளிவாகவே இருக்கின்றன. பல்பு, ஃபேன், ஃபியூஸ், சுவிட்ச் மாற்றுவதற்கு லைசென்ஸ் தேவையில்லை. புது லைன் இழுப்பது, ஏசிக்குத் தனி வயர் போடுவது, பழைய வயரிங்கை மாற்றுவது போன்றவற்றுக்கு மாநில அரசின் உரிமம் பெற்ற கான்ட்ராக்டர் வேண்டும். தகுதிச் சான்றிதழ் உள்ள மேற்பார்வையாளர் நேரடியாகக் கவனிக்க வேண்டும். கையில் வேலை செய்பவருக்கும் சான்றிதழ் இருக்க வேண்டும். ஆக, ஒரு வேலைக்கு மூன்று தகுதிகள். கான்ட்ராக்டரின் போர்டில் ‘அரசு அங்கீகாரம் பெற்றது’ என்று எழுதியிருப்பதால் மட்டும் மற்ற இரண்டும் வந்துவிடாது.

தமிழ்நாட்டில் இவற்றை வழங்குவது சென்னை கிண்டி திரு.வி.க. தொழிற்பேட்டையில் இருக்கும் மின் உரிமம் வழங்கும் வாரியம். கான்ட்ராக்டர் லைசென்ஸில் ‘இஏ’, ‘இபி’ என்று கிரேடு உண்டு. இதில் ஒரு குழப்பம் வரும். ‘என்கிட்ட இபி லைசென்ஸ் இருக்கு’ என்று ஒருவர் சொன்னால், அவர் மின்வாரிய ஊழியர் என்று அர்த்தமில்லை. அது லைசென்ஸின் கிரேடு. விசிட்டிங் கார்டு, ஜிஎஸ்டி எண் எல்லாம் வியாபாரத்துக்கு உதவும், அவற்றில் எதுவும் மின் உரிமம் ஆகாது.

லைசென்ஸ் நகலைக் கேளுங்க. பெயர், எண், கிரேடு, எந்தத் தேதி வரை செல்லும் என்பதைப் பாருங்க. சந்தேகம் இருந்தால் அந்த எண்ணைச் சொல்லி வாரியத்திடமோ, உங்கள் பகுதிக்கான மின் ஆய்வாளர் அலுவலகத்திலோ கேட்கலாம்.

நம்ம ஊருக்கே உரிய விஷயம் ஒன்று. திண்டிவனம், வானூர், விழுப்புரம் பக்கம் புதுச்சேரியிலிருந்து ஆள் வருவது சகஜம். விதி கேட்பது அந்தந்த மாநில அரசின் உரிமம். புதுச்சேரி லைசென்ஸை மட்டும் காட்டினால், நம்ம பக்கம் வேலை செய்ய அது செல்லுமா என்று கிண்டியில் கேட்டுவிட்டு அட்வான்ஸ் கொடுங்க.

கையெழுத்து யாருடையது?

உண்மையான சிக்கல் இங்கேதான். புது இணைப்பு கொடுக்கும்முன் மின் விநியோக நிறுவனம் வீட்டு வயரிங்கைத் தானே சோதிக்கலாம், அல்லது லைசென்ஸ் உள்ள கான்ட்ராக்டர் கையெழுத்திட்ட சோதனை அறிக்கையை ஏற்கலாம் என்கிறது விதி. அதனால் கையெழுத்துக்கு ஒரு விலை உருவாகிவிட்டது. வேலை செய்வது ஒருவர், அறிக்கையில் சீல் வைப்பது வீட்டையே பார்க்காத இன்னொருவர். சென்னையில் வேலை பார்த்துக்கொண்டு, ஊரில் வீடு கட்டும் மகனோ மகளோ ‘எல்லாம் மேஸ்திரி பாத்துப்பார்’ என்று விட்டால் இது நடக்க வாய்ப்பு அதிகம். மின் நிறுவனத்தின் பொறுப்பு மீட்டரோடு முடிகிறது. அதற்குப் பிறகு சுவருக்குள் ஓடும் வயர் நம்முடையது. நாளைக்கு விபத்து என்றால், அறிக்கையில் இருப்பவர் ‘நான் அந்த வேலையே செய்யலை’ என்பார். செய்தவர் பெயரோ எந்தக் காகிதத்திலும் இருக்காது.

இதற்காக, தெருவில் இருபது வருஷமாக வயரிங் செய்யும் அண்ணனை ஒதுக்கிவிட வேண்டும் என்பதில்லை. சான்றிதழ் இல்லாத பலர் நல்ல வேலைக்காரர்கள். அவர்களுக்காகவே தமிழக அரசு மின்கம்பியாள் உதவியாளர் தகுதிகாண் தேர்வு நடத்துகிறது. 21 வயது நிறைந்து, வயரிங்கில் 5 ஆண்டு அனுபவம் இருந்தால் எழுதலாம், பட்டப்படிப்பு தேவையில்லை. உங்க அண்ணனுக்கு இதைச் சொல்லுங்க. அதுவரை அவர் லைசென்ஸ் உள்ள கான்ட்ராக்டரின் கீழ், சான்றிதழ் உள்ளவரோடு துணைக்கு நின்று வேலை செய்யட்டும்.

கொட்டேஷன் வாங்கும்போதே மூன்று வரி சேர்த்து எழுதி வாங்குங்க: கான்ட்ராக்டரின் லைசென்ஸ் எண், மேற்பார்வையாளர் பெயர், எர்த் கசிவு ஏற்பட்டால் சப்ளையைத் துண்டிக்கும் ஆர்சிசிபி பொருத்துவது. மெகர் அளவு எடுக்கும் அன்று நீங்களோ வீட்டில் ஒருவரோ கூட நில்லுங்க. அளவுகள் எழுதிய சோதனை அறிக்கையின் நகல் கைக்கு வந்த பிறகு கடைசித் தவணையைக் கொடுங்க.