சேரியைத் தாண்டிப் போன குதிரை

ஆடிப்பெருக்கன்று வீரநாராயண ஏரிக்கரைமேல் வந்தியத்தேவன் குதிரையில் வருகிறான். கல்கி 1950இல் தொடங்கி 1954 வரை தொடராக எழுதிய 'பொன்னியின் செல்வன்' அப்படித்தான் ஆரம்பிக்கிறது. 2022இலும் 2023இலும் மணிரத்னம் அதைப் படமாக்கியபோது நம் சேரிப் பிள்ளைகளும் கூட்டமாகப் போனார்கள். பார்க்கட்டும், நானும் பார்த்தேன். குதிரை நல்லாத்தான் ஓடுது. அந்த ஏரிக்கு மண் சுமந்தவர்கள் எங்கே குடியிருந்தார்கள் என்பதுதான் கதைக்குத் தேவைப்படவில்லை.

இராஜராஜனுக்குத் தேவைப்பட்டது. பெரிய கோயிலுக்குக் கொடுத்த ஊர்களில் வரி நீக்கிய இடங்களை அவன் கல்லில் வெட்டி வைத்திருக்கிறான்: ஊர்நத்தம், குளம், வாய்க்கால், சுடுகாடு. கூடவே பறைச்சேரி, தீண்டாச்சேரி. ஆயிரம் வருஷத்துக் கல். எவனும் இடைச்செருகல்னு தப்பிக்க முடியாது.

2019 ஜூனில் திருப்பனந்தாளில் இயக்குநர் பா. இரஞ்சித், இராஜராஜன் காலத்தில்தான் நம் நிலம் பறிபோனது என்று பேசினார். உடனே வழக்கு. முன்ஜாமீனுக்கு மதுரை உயர்நீதிமன்றக் கிளைவரை போக வேண்டியதாயிற்று. ராஜாவைப் பற்றி இஷ்டத்துக்குக் கதை கட்டலாம். நிலம் எங்கேன்னு கேட்டாத்தான் குற்றம்!

வாள்வீரர் கதை மோகம் நமக்கு மட்டுமில்லை. ஜப்பானில் எய்ஜி யோஷிகாவாவின் 'முசாஷி' 1935 முதல் 1939 வரை அசாஹி நாளிதழில் தொடராக வந்து சாமுராயை வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தது. அந்த சாமுராயின் கவசத்துக்குத் தோல் பதப்படுத்தியவன் ஊருக்கு வெளியே தீண்டத்தகாதவனாகக் கிடந்தான். புராகு மக்கள் என்று இன்று சொல்லப்படுவோரின் முன்னோர் அவர்கள். 1871 அரசாணை இழிபெயரை நீக்கியது, இழிவை நீக்கவில்லை. 1922இல் சுயிஹெய்ஷா என்ற சமத்துவ இயக்கத்தைத் தாங்களே கட்டினார்கள். ஆனால் என்னை உலுக்கியது வேறொன்று. 1964இல் சிராட்டோ சான்பெய் என்ற ஓவியர் காமுயியின் கதையைப் படக்கதையாக வரையத் தொடங்கினார். அதே வாள், அதே காலம். நாயகன் மட்டும் ஒதுக்கப்பட்ட குடியிருப்பில் பிறந்தவன். போராட்டத்தில் நின்ற மாணவர்கள் அதைத் தேடித் தேடிப் படித்தார்கள்.

இங்கே என்ன நடக்குது? இராஜராஜன் எங்க சாதின்னு ஆளாளுக்குச் சுவரொட்டி. நம்ம ஆளுங்களும் சிலர் அந்த வரிசையில போய் நிக்கிறாங்க. அவன் ஆண்ட அதே நெல்வயல் நாட்டில்தான், 1968 டிசம்பர் 25 இரவு, கூலி நெல்லைக் கூட்டிக் கேட்டதற்காகக் கீழ்வெண்மணியில் 44 பேரை ஒரு குடிசையோடு எரித்தார்கள். அந்தக் குடிசையிலிருந்து பின்னோக்கி நடந்தால் தீண்டாச்சேரிக் கல்வெட்டுக்குப் போய்ச் சேரலாம். இடையில் கிடக்கும் ஆயிரம் வருஷத்துக்குச் சரித்திர நாவல் வேண்டும். ஏரிக்கரை அடைத்தவனை, நாற்று நட்டவளை, சவுக்கடியும் சாணிப்பாலும் கண்ட பண்ணையாளை நாயகராக வைத்து எழுதுங்கள், தோழர்களே. ஒரு அத்தியாயமானாலும் அனுப்புங்கள். அடுத்த இதழிலிருந்து தொடருக்குப் பக்கம் ஒதுக்கியிருக்கிறோம்.