மேடைக்குப் பின்னால் உட்காரும் பறை

கூலி உயர்வு, வீட்டுமனைப் பட்டா, சுடுகாட்டுப் பாதை என்று எதற்கு ஆர்ப்பாட்டம் நடந்தாலும் நம் திருவள்ளூர் வட்டாரத்தில் முதலில் கேட்பது பறைச் சத்தம்தான். வைக்கோலைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சி நான்கு பேர் அடிக்கத் தொடங்கினால் செவ்வாப்பேட்டை கடைத்தெருவே திரும்பிப் பார்க்கும். கூட்டம் சேர்ந்ததும் தலைவர் வருவார். மேடையிலிருந்து ஒருவர் கையைக் காட்டுவார், பறை நிற்கும். அடித்தவர்கள் மேடைக்குப் பின்னால் போய் உட்கார்ந்துகொள்வார்கள். நோட்டீஸில் அவர்கள் பெயர் இருக்காது. இதைச் செய்வது ஊர்க்காரர்கள் அல்ல, நாம்.

2015-இல் டாஸ்மாக் கடைகளை மூடச் சொல்லிப் பல கட்சித் தலைவர்கள் பேசினார்கள். அதையே பாடினார் மக்கள் கலை இலக்கியக் கழகத்தின் கோவன். அந்த அக்டோபரில் திருச்சியில் அவரைக் கைது செய்தபோது போட்ட பிரிவு தேசத்துரோகம். பேசியவர்கள் மீது அது பாயவில்லை.

பறையை அடிப்பது மட்டுமல்ல, அடிக்க மறுப்பதும் நம் போராட்டம்தான். சாதி இந்துக்களின் சாவுக்குப் பறையடிக்க மாட்டோம் என்று காட்டுமன்னார்கோவில் பகுதியில் மக்களைத் திரட்டியவர் எல்.இளையபெருமாள். தீண்டாமை பற்றி ஆராய்ந்து 1969-இல் அறிக்கை தந்த மத்திய அரசுக் குழுவின் தலைவரும் அவர்தான்.

இன்று கல்லூரிப் பெண்கள் பறை கற்கிறார்கள். மணிமாறனின் புத்தர் கலைக்குழு போன்றவை அதை மேடையேற்றின. பறையாசான் வேலு ஆசானுக்கு 2025-இல் பத்மஸ்ரீயும் கிடைத்தது. ஆனாலும் தாத்தா தூக்கி எறிந்ததைப் பேத்தி தோளில் மாட்டினால் வீட்டில் சண்டைதான். “இந்த மானக்கேடு வேண்டாம்னுதானே உன்னைப் படிக்க வைச்சோம்?” என்கிறார்கள். அவர்கள் கோபத்தில் நியாயம் இருக்கிறது. அவளுடைய ஆசையிலும் இருக்கிறது. அவளை யாரும் வாசலில் நின்று கூப்பிட்டு அனுப்பவில்லையே!

பறை பழகும் மாணவர்கள் ஒன்றை விசாரிக்க வேண்டும். உங்கள் ஊரில் இன்னும் யாராவது விருப்பமில்லாமல் சாவுக்கு அடிக்கிறார்களா? பட்டியல் சாதியினரிடம் மற்றவர்கள் கட்டாய உழைப்பு வாங்குவது 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். புகார் எழுத அவர்களுக்குத் துணை நில்லுங்கள்.

அமைப்புகளுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். வரும் ஏப்ரல் 14 அம்பேத்கர் பிறந்தநாள் நோட்டீஸில் பறையடிப்பவர்களின் பெயரையும் போடுங்கள். அவர்களில் ஒருவர் மைக்கில் பேசட்டும். பேசிய கூலியை அன்று மாலையே கையில் கொடுத்து அனுப்புங்கள்.