அசடனுக்குக் குதிரை வண்டி எதற்கு?

ரஷ்ய நாவலை டிவி நாடகமாக எடுத்தால் நாசமாகிவிடும் என்று இலக்கிய நண்பர்கள் சொல்லும்போதெல்லாம் எனக்குக் கடுப்பாகிறது. தஸ்தயேவ்ஸ்கியின் ‘அசடன்’ முதலில் வந்ததே தொடராகத்தான். 1868இல் ‘ருஸ்கி வெஸ்த்னிக்’ இதழில் வெளிவரத் தொடங்கியது. தலைக்கு மேல் கடன், அடுத்த பகுதிக்குக் கதை எப்படிப் போகும் என்றே முடிவாகவில்லை. அந்த மனுஷனின் அவஸ்தை ஆய்வாளரைவிட மெகா தொடர் வசனகர்த்தாவுக்குத்தான் நன்றாகப் புரியும்.

அடுத்து செலவுக் கணக்கு. பீரியட் டிராமான்னா அரண்மனை வேணும், குதிரை வேணும், நமக்குக் கட்டுப்படியாகாதாம். நாவலைப் படித்துவிட்டுத்தான் பேசுகிறார்களா? நஸ்டாஸ்யா ஒரு லட்சம் ரூபிளை நெருப்பில் வீசி, ‘வெறுங்கையால் எடு, உனக்கே’ என்று கான்யாவிடம் சொல்லும் இடத்துக்கு என்ன தேவை? ஒரு ஹால், ஒரு கணப்பு, சுற்றி நிற்கப் பத்து இருபது பேர். ஹாலில் நின்று பேசுவதில் நம் சீரியல்களை மிஞ்ச ஆள் உண்டா!

2003இல் விளாதிமிர் போர்த்கோ ரஷ்யத் தொலைக்காட்சிக்கு இதை 10 பகுதிகளாக எடுத்தார். உடையெல்லாம் அந்தக் காலத்து உடைதான், ஆனால் தொடரைத் தாங்குவது நாவலின் பேச்சு. மணி கவுல் உடையையும் விட்டார். 1991இல் தூர்தர்ஷனுக்காக 4 பாகங்களில், அன்றைய பம்பாயிலேயே கதையை நடக்க வைத்தார். ரோகோஷின் வேடத்தில் ஷாருக் கான், ‘தீவானா’ வருவதற்கு முந்தைய ஷாருக். பிபிசி 2016இல் ‘போரும் வாழ்வும்’ நாவலை 6 பகுதிகளில் அடைத்தது. பார்க்க அவ்வளவு அழகு. தல்ஸ்தோய் நின்று நிதானமாக யோசிக்கும் இடங்கள்தான் காணோம்.

எங்கள் பண்டார் தெங்காராவில் செம்பனை லாரி ஓட்டிக் காசு சேர்த்த ஒரு அப்பாவையும், அவர் செத்ததும் மொத்தச் சொத்தும் கைக்கு வந்த மகனையும் கற்பனை செய்யுங்கள். ரோகோஷின் நமக்கு விளங்காத ஆளா என்ன? தமிழ்ப் பேச்சுக்கும் பஞ்சமில்லை. எம்.ஏ. சுசீலாவின் மொழிபெயர்ப்பு 2011இலேயே வந்துவிட்டது.

எடுக்கப்போகும் இயக்குநரிடம் ஒன்றே ஒன்று கேட்பேன். கான்யா மிஷ்கினை அறையும் காட்சியை மூன்று கோணத்தில் மூன்று தடவை எதிரொலியோடு காட்டாதீர்கள். அறை வாங்கியவன் அறைந்தவனுக்காக வருத்தப்படுகிறான். அந்த முகத்தின் மேல் கேமராவைக் கொஞ்ச நேரம் விட்டுவையுங்கள், பின்னணி இசை இல்லாமல்.