மேனுவலைப் படிக்க வைக்கும் விளையாட்டுகள்

(மூன்றாம் ஆண்டு, மின்னணுவியல்)

ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டை ஆரம்பிப்பதற்கு முன்னால் 30 பக்கத்துக்கு மேல் மேனுவலும் டேட்டா ஷீட்டும் படிக்க வேண்டும் என்று சொன்னால் நம்மில் எத்தனை பேர் உட்காருவோம்? "ஆளை விடுப்பா, அதுக்கு மைக்ரோபிராசசர் புத்தகத்தையே படிச்சிடலாம்" என்றுதான் சொல்வோம். ஆனால் அப்படி ஒரு விளையாட்டை 2016-ல் தயாரித்து, காசுக்கு விற்று, ஜனங்களை ஆசையோடு படிக்கவும் வைத்தது அமெரிக்காவில் ஒரு சின்னக் கம்பெனி. கம்பெனியின் பெயர் ஜாக்ட்ரானிக்ஸ். விளையாட்டின் பெயர் ஷென்ஜென் ஐ/ஓ. சினிமாவைப் பற்றியும் கிரிக்கெட்டைப் பற்றியும் எழுத நம் மலரில் நிறையப் பேர் இருக்கிறார்கள். டிப்ளமோ படிக்கிற ஒவ்வொருவரும் இந்தக் கம்பெனியின் சரக்கை ஒரு தடவையாவது தொட்டுப் பார்க்க வேண்டும் என்பது என் கட்சி. அதற்கு வக்காலத்து வாங்கத்தான் இந்தக் கட்டுரை.

கம்பெனியை ஆரம்பித்தவர் ஜாக் பார்த். அவர் படித்தது நியூயார்க் மாநிலத்தில் ட்ராய் என்ற ஊரில் உள்ள ரென்சலேர் பாலிடெக்னிக்கில். "ஆஹா, நம்ம ஆளு!" என்று துள்ள வேண்டாம். 1824-ல் தொடங்கிய அந்தப் பாலிடெக்னிக் ஒரு முழுப் பல்கலைக்கழகம். இருந்தாலும் பெயரில் ஒரு சொந்தம் இருக்கத்தானே செய்கிறது!

பார்த் 2009-ல் இன்ஃபினிமைனர் என்று ஒரு விளையாட்டை வெளியிட்டார். கட்டம் கட்டமான உலகம், தோண்டலாம், கட்டலாம். அதன் நிரலை யாரோ பிரித்து மேய்ந்து, ஏமாற்று ஆட்டக்காரர்கள் புகுந்துவிட்டார்கள். மனிதர் என்ன செய்தார்? மூல நிரலையே எல்லாருக்கும் திறந்து விட்டுவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விட்டார். அதே கட்டம் கட்டமான யோசனையைப் பார்த்துத்தான் ஸ்வீடனில் ஒருவர் மைன்கிராஃப்ட் செய்தார். 2014-ல் மைன்கிராஃப்ட் கம்பெனியை மைக்ரோசாஃப்ட் வாங்கிய விலை 250 கோடி டாலர்! பார்த் திரும்பவும் தனக்குப் பிடித்த புதிர் விளையாட்டுகளையே செய்துகொண்டிருந்தார்.

அந்தப் புதிர்களில் நான் முதலில் கையில் கொடுப்பது டி.ஐ.எஸ்-100 (2015). பார்க்க ஒன்றும் இருக்காது. கறுப்புத் திரை, வெள்ளை எழுத்து, அவ்வளவுதான். இறந்துபோன மாமா விட்டுப்போன பழைய கணிப்பொறி ஒன்று உங்கள் கைக்கு வருகிறது, அதைப் பழுது பார்க்க வேண்டும். கதை அவ்வளவே. உள்ளே 12 கணுக்கள், வரிசைக்கு 4 வீதம் 3 வரிசை. ஒவ்வொரு கணுவும் ஒரு குட்டி பிராசசர். அதில் அதிகபட்சம் 15 வரி எழுதலாம். கணக்குப் போட ஏசிசி என்று ஒரு ரிஜிஸ்டர். இன்னொன்று பேக், அதை நேராகத் தொட முடியாது. சேமிக்கலாம், மாற்றிக்கொள்ளலாம், அதோடு சரி. எண்கள் மைனஸ் 999 முதல் 999 வரை.

ஆரம்பத்தில் வரும் புதிர்களில் ஒன்று, உள்ளே வரும் எண்ணை இரட்டிப்பாக்கி வெளியே அனுப்புவது. மேலேயிருந்து வாங்கி ஏசிசியில் போடு. ஏசிசியோடு ஏசிசியையே கூட்டு. கீழே தள்ளு. மூன்று வரி. கடைசி வரி முடிந்ததும் கணு தானாகவே முதல் வரிக்குத் திரும்பிவிடும், 'ஜம்ப்' தேவையில்லை. மற்ற கணுக்கள் வந்ததை வாங்கி அடுத்தவரிடம் கொடுத்தால் போதும். பந்தியில் சாம்பார் வாளி கைமாறுகிற மாதிரி!

அடுத்தடுத்த புதிர்களில்தான் கழுத்தைப் பிடிக்கும். இரண்டு எண்களைப் பெருக்கு என்பான். பெருக்கல் கட்டளையே கிடையாது. 8085 படித்தவர்களுக்கு இது பழகிய வலி. அதிலும் பெருக்கல் கட்டளை இல்லை, திரும்பத் திரும்பக் கூட்டித்தான் ஆக வேண்டும். லேபில் அந்த நிரலை நாம் ரெக்கார்டில் எழுதிக் கையெழுத்தும் வாங்கியாயிற்று. ஆனால் ஏன் ஒரு ரிஜிஸ்டரில் கூட்டுகிறோம், இன்னொன்றில் ஏன் எண்ணிக்கையைக் குறைக்கிறோம் என்று நெஞ்சைத் தொட்டுச் சொல்லுங்கள், எத்தனை பேருக்குப் புரிந்தது? இங்கே அந்தப் பருப்பு வேகாது. காப்பி அடிக்க முன் பெஞ்சு ரெக்கார்டு இல்லை. எண்ணிக்கையைக் குறைக்க மறந்தால் உங்கள் கணு கண் முன்னாலேயே முடிவில்லாமல் கூட்டிக்கொண்டு கிடக்கும்.

இன்னொரு வேடிக்கை. ஒரு கணு பக்கத்துக் கணுவுக்கு எண்ணை அனுப்பினால், அது வாங்கிக்கொள்ளும் வரை இது நகராது. இரண்டு கணுக்களும் ஒரே நேரத்தில் ஒன்றுக்கொன்று "இந்தா, புடி" என்று கையை நீட்டினால்? வாங்க ஆளில்லை. எல்லாம் அப்படியே உறைந்து நிற்கும். 'டெட்லாக்' என்று ஆப்பரேட்டிங் சிஸ்டம் பாடத்தில் 5 மார்க் கேள்விக்கு நெட்டுருப் போடுகிறோமே, அது இதுதான்! ஒரு தடவை இதில் மாட்டி வெளியே வந்தவன் ஜென்மத்துக்கும் மறக்க மாட்டான்.

புதிரை முடித்த பிறகு வருகிற திரைதான் எனக்கு முக்கியம். "சபாஷ்" என்று எழுதி அனுப்பிவிடாமல் மூன்று வரைபடம் காட்டுகிறது: எத்தனை சுழற்சி ஆயிற்று, எத்தனை கணு செலவாயிற்று, எத்தனை வரி எழுதினீர்கள். உலகத்தில் மற்றவர்கள் எங்கே குவிந்திருக்கிறார்கள், நீங்கள் எங்கே நிற்கிறீர்கள் என்று ஒரு கோடு. முதல் ரேங்க், இரண்டாம் ரேங்க் கிடையாது. வேலையை இரண்டு கணுக்களுக்குப் பிரித்துக் கொடுத்தால் வேகம் கூடும், ஆனால் கணுவும் வரியும் ஏறிவிடும். வரியைச் சுருக்கினால் பெரும்பாலும் வேகம் குறையும். ஒன்றைக் கொடுத்துத்தான் ஒன்றை வாங்க முடியும். மூன்றிலும் ஒரே விடை முதலாவதாக வருவது ரொம்ப அபூர்வம்.

நண்பர்களே, நம் படிப்பில் இல்லாதது இதுதான். நமக்கு 'எக்ஸ்பெக்டெட் அவுட்புட்' என்று ஒன்று இருக்கிறது. அது வந்தால் முடிந்தது, வராவிட்டால் வந்த மாதிரி எழுதிவிடுவது. ஐம்பது பேர் ரெக்கார்டிலும் ஒரே கிராஃப், ஒரே வளைவு, ஒரே எழுத்துப்பிழை! சரியான விடை பலவாக இருக்கும், அதில் எது மேல் என்பது நாம் எதை மிச்சப்படுத்த நினைக்கிறோம் என்பதைப் பொறுத்தது. டிசைன் என்றால் அதுதானே? இதை மூன்று வருஷத்தில் நமக்கு யார் உட்கார வைத்துச் சொன்னார்கள்? வாத்தியார்களைக் குறை சொல்லவில்லை. அவர்களுக்கு சிலபஸ் முடிக்க வேண்டும்.

ஷென்ஜென் ஐ/ஓவுக்கு வருகிறேன். இதில் நீங்கள் சீனாவில் ஷென்ஜென் நகரத்தில் ஒரு எலெக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்த எஞ்சினியர். முதல் வேலை என்ன தெரியுமா? டம்மி கண்காணிப்புக் கேமரா. உள்ளே கேமராவே இருக்காது, திருடனைப் பயமுறுத்த விளக்கு மட்டும் மினுக்க வேண்டும். எப்போது எரிய வேண்டும், எப்போது அணைய வேண்டும் என்று அலைவடிவம் தந்துவிடுவார்கள். போர்டில் மைக்ரோகண்ட்ரோலரை வைத்து, கம்பி இழுத்து, நிரல் எழுத வேண்டும். சின்னச் சிப்பில் 9 வரிதான் கொள்ளும், விலை 3 யுவான். பெரியதில் 14 வரி, 5 யுவான். இங்கே மார்க் உற்பத்திச் செலவுக்கு, மின்சாரச் செலவுக்கு, வரி எண்ணிக்கைக்கு. ஒவ்வொரு கட்டளை ஓடும்போதும் மின்சாரம் செலவாகிறது. சிப் தூங்கும்போது செலவில்லை. சும்மா சுற்றிச் சுற்றிப் பார்த்துக்கொண்டிருக்கும் நிரல் எழுதினால் பில் எகிறும். கைக்கடிகாரத்தின் பேட்டரி ஏன் வருஷக்கணக்கில் வருகிறது என்பதற்குப் பதில் இதில்தான் எனக்குப் பிடிபட்டது.

இப்போது மேனுவல் விஷயம். ஆங்கிலத்தில்தான் இருக்கிறது, மறைக்கவில்லை. பத்தாவது வரை தமிழில் படித்துவிட்டு வந்த நம்மில் பாதிப் பேருக்கு டேட்டா ஷீட்டைக் கண்டாலே ஒரு காய்ச்சல் வரும். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். டேட்டா ஷீட் ஆங்கிலம் ஷேக்ஸ்பியர் ஆங்கிலம் இல்லை. நூறு இருநூறு வார்த்தைதான் திரும்பத் திரும்ப வருகிறது. பாதி அட்டவணை, பாதி படம். என் யோசனை: பிரிண்ட் எடுங்கள். நாலு பேர் சேர்ந்து உட்காருங்கள். ஒருவர் படிக்க, ஒருவர் படத்தைப் பார்க்க, ஒருவர் விசைப்பலகையில் போட, ஒருவர் "அது அப்படி இல்லடா" என்று சொல்ல. இந்த நாலாவது ஆள் ரொம்ப அவசியம். முழுசும் படித்துவிட்டு ஆரம்பிக்காதீர்கள், தூக்கம் வரும். மாட்டிக்கொண்ட இடத்துக்கு உரிய பக்கத்தைத் தேடுங்கள். வேலைக்குப் போனால் டேட்டா ஷீட்டை அப்படித்தான் படிக்கப் போகிறோம்.

விடையை மட்டும் தேடிப் பார்த்துவிடாதீர்கள். இப்போது ஏஐயிடம் கேட்டால் நொடியில் ஏதாவது எழுதிக் கொடுத்துவிடும். அதை வாங்கி ஒட்டுவதற்கு, ரெக்கார்டு நோட்டே போதுமே, விளையாட்டு எதற்கு? முதலில் எப்படியாவது ஓட வையுங்கள். அசிங்கமாக இருந்தாலும் பரவாயில்லை. ஓடின பிறகுதான் அழகு பார்க்க வேண்டும். தூங்கி எழுந்து பார்த்தால் இரண்டு வரி தானாகவே கழன்று விழும்.

மெக்கானிக்கல் நண்பர்கள் முகத்தைச் சுளிக்க வேண்டாம், உங்களுக்கும் இருக்கிறது. ஓபஸ் மேக்னம் (2017) என்பது ரசவாதம். ஈயத்தைப் பொன்னாக்கும் இயந்திரம் செய்ய வேண்டும். பாதரசம் ஒவ்வொன்றும் உலோகத்தை ஒரு படி ஏற்றும்: ஈயம், தகரம், இரும்பு, செம்பு, வெள்ளி, பொன். நம்மூர்ச் சித்தர்கள் கேட்டால் சிரிப்பார்கள்! இயந்திரக் கைகளை வைத்து, பிடி, சுழற்று, விடு என்று ஒவ்வொன்றுக்கும் வரிசையாகக் கட்டளை தர வேண்டும். ஒரு கை தூக்கி வரும் அணு இன்னொரு அணுவோடு மோதாமல் பார்த்துக்கொள்ள வேண்டும், மோதினால் இயந்திரம் நின்றுவிடும். இடத்துக்குக் கட்டுப்பாடு இல்லை, எவ்வளவு வேண்டுமானாலும் பரப்பிக் கட்டலாம். ஆகவே முடிப்பது சுலபம், சுருக்கமாக முடிப்பதுதான் கஷ்டம். செலவு, சுழற்சி, பரப்பு என்று மூன்று அளவு. உங்கள் இயந்திரம் ஓடுவதை ஓடும் படமாக எடுத்து நண்பர்களுக்கு அனுப்ப அதிலேயே வசதி உண்டு. நிரல் என்றாலே அலர்ஜி உள்ளவர்கள் இதிலிருந்து தொடங்கலாம். முப்பரிமாணத்தில் பட்டை ஓட்டித் தொழிற்சாலை கட்ட ஆசை என்றால் இன்ஃபினிஃபாக்டரி (2015).

ஸ்பேஸ்கெம் (2011) தான் இவர்களுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. ஆனாலும் முதலில் அதைத் தொடாதீர்கள். பாதி வழியில் சுவர் ஏறுவது போல் கடினமாகி, நல்லவனையும் ஓட வைத்துவிடும். எக்ஸாபங்க்ஸ் (2018) ஹேக்கர் கதை, அதன் மேனுவலே திருட்டுத்தனமாக அச்சடித்த பத்திரிகை மாதிரி இருக்கும். எலைசா (2019) புதிரே இல்லை, கதை. மனநல ஆலோசனைக்கு வருகிறவரிடம் கணிப்பொறி சொல்லிக் கொடுப்பதை அப்படியே வாசித்துக் காட்டும் வேலைக்குப் போகும் ஒரு பெண்ணைப் பற்றியது. இன்றைக்கு எல்லாரும் ஏஐயிடம் மனசைக் கொட்டுகிற காலத்தில் அதை 2019-லேயே எழுதியிருக்கிறார்களே என்று வியப்பாக இருக்கிறது. மோபியஸ் ஃப்ரண்ட் '83 (2020) டாங்கிச் சண்டை. எனக்கு அது ஒட்டவில்லை.

குறையும் சொல்லிவிடுகிறேன். ஷென்ஜெனில் கம்பி இழுத்தால் இழுத்ததுதான். லூஸ் காண்டாக்ட் கிடையாது, டிரை சால்டர் கிடையாது, ஐ.சி. சூடாகிப் புகையாது. நம் பிரட்போர்டில் பாதி நாள் போவதே அந்தத் தேடலில்தான். அந்த வித்தையை எந்த விளையாட்டும் சொல்லித் தராது. இதை முடித்தவன் ரேடியோ ரிப்பேர் செய்துவிடுவான் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கேம்பஸ் இண்டர்வியூவில் இதைப் பற்றி ஒருவரும் கேட்கப் போவதும் இல்லை.

ஜாக்ட்ரானிக்ஸ் இப்போது இல்லை. 2022-ல் லாஸ்ட் கால் பி.பி.எஸ். என்று, பழைய கணிப்பொறி ஒன்றுக்குள் 8 குட்டி விளையாட்டுகளை அடைத்து வெளியிட்டுவிட்டுக் கடையைச் சாத்திவிட்டார்கள். பார்த்தும் பழைய கூட்டாளிகள் சிலரும் வேறு பெயரில் சேர்ந்து 2025-ல் கைசன் என்று 1980களின் ஜப்பானியத் தொழிற்சாலையை வைத்து ஒன்று செய்திருக்கிறார்கள். கையில் காசு இல்லாதவர்களுக்கு ஒரு தகவல்: இந்த விளையாட்டுகளை யோசித்த காலத்துக் கிறுக்கல்களையும் வரைபடங்களையும் ஸாக்-லைக் என்ற பெயரில் 400 பக்கத்துக்கு மேல் தொகுத்து 2019-ல் ஸ்டீமில் இலவசமாகவே கொடுத்தார்கள். விளையாட்டை வாங்குவதென்றால் நாலு பேர் காசு போட்டு டி.ஐ.எஸ்-100 ஒன்று போதும், பழைய மடிக்கணினியிலும் ஓடும். இரட்டிப்புப் புதிரை முடித்தவர்கள் எத்தனை சுழற்சியில் முடித்தீர்கள் என்று எங்கள் வகுப்புக் கரும்பலகையின் மூலையில் எழுதிவிட்டுப் போங்கள். யாராவது குறைத்துக் காட்டுவார்கள்.