இமை அறுவைக் கோடிங்கில் 59 மாடிஃபையர்: எங்கள் நிலைப்பாடு

பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களிலிருந்து மெடிக்கல் கோடிங் வேலைக்குப் போயிருப்பவர்களின் சார்பில் செயற்குழு வெளியிடும் அறிக்கை

கண் மருத்துவப் பிரிவில் வேலை பார்த்த நம் உறுப்பினர்கள் சிலருக்கு நேர்ந்த பணிநீக்கத்தை இங்கே மறுபடி விவரிக்கவில்லை. எந்த புராஜெக்ட், எந்த ஆடிட், யார் கையெழுத்திட்ட கடிதம் என்பதெல்லாம் உறுப்பினர்கள் அறிந்ததே. நிறுவனத்தின் பெயரை எழுத வேண்டாம் என்று செயற்குழு பெரும்பான்மையாக முடிவு செய்திருக்கிறது. இந்த அறிக்கை எந்தத் தனி நிறுவனத்தையும் குறிவைத்து எழுதப்பட்டதல்ல. ஆனால் அந்த நீக்கக் கடிதங்களில் "மாடிஃபையர்களைத் தவறாகப் பயன்படுத்தியமை" என்று ஒரு காரணம் எழுதப்பட்டிருக்கிறது. அதற்குப் பதில் சொல்லாமல் இருந்தால், அந்தப் பிள்ளைகளின் பெயரோடு அது ஆயுள் முழுக்க ஒட்டிக்கொள்ளும்.

எங்கள் நிலைப்பாடு இது. ஒரே இமையில் இமைத் தொய்வைச் சரிசெய்யும் அறுவையும் பிளெஃபரோபிளாஸ்டியும் (மிகைச் சருமத்தை நீக்கும் அறுவை) நடந்திருந்தால், இரண்டுக்கும் தனித்தனியே பணம் வாங்குவதற்காக 59, அதாவது இரண்டும் தனித்தனி அறுவை என்று காட்டும் மாடிஃபையர், போடுவது தவறு. யார் சொன்னாலும் தவறு. மாடிஃபையர் அறுவைக் குறிப்பிலிருந்துதான் வர வேண்டும். டினையலிலிருந்து (கிளெய்ம் மறுப்பிலிருந்து) வரக் கூடாது. டினையலைப் பார்த்து 59 போடச் சொன்னவர்களே, ஆடிட் வந்ததும் கோடரின் ஐ.டி.யைக் காட்டிவிட்டு ஒதுங்கிக்கொள்வதை இந்த அமைப்பு ஏற்காது.

கண் பிரிவில் வேலை பார்க்காத உறுப்பினர்களுக்காகச் சில அடிப்படைகளைச் சொல்ல வேண்டியிருக்கிறது. இமைகளுக்கென்று நான்கு மாடிஃபையர்கள் உண்டு: இ1 இடது மேல் இமை, இ2 இடது கீழ் இமை, இ3 வலது மேல் இமை, இ4 வலது கீழ் இமை. இரு பக்கமும் ஒரே அறுவை என்றால் மெடிகேருக்கு (அமெரிக்க அரசின் காப்பீடு) 50 போட்டு ஒரே வரியாக அனுப்புகிறோம். சில தனியார் காப்பீட்டு நிறுவனங்கள் இ1, இ3 என்று இரண்டு வரியாகக் கேட்கும். நோய்க் கோடிலும் பக்கம் பொதிந்திருக்கிறது. மிகைச் சருமத்துக்கு எச்02.831 என்றால் வலது மேல் இமை, எச்02.834 என்றால் இடது மேல் இமை. அங்கே வலது என்றும் மாடிஃபையரில் இ1 என்றும் போனால், அந்த கிளெய்ம் திரும்பி வருவதில் வியப்பில்லை. இமைக் கட்டிக்கு இ வரிசை எல்லா நேரமும் பொருந்தாது. 67800 ஒரு கட்டிக்கு, 67801 ஒரே இமையில் பல கட்டிகளுக்கு, 67805 வெவ்வேறு இமைகளில் உள்ள கட்டிகளுக்கு. கோடே இமைக் கணக்கைச் சொல்லிவிடுகிறது. இரண்டு இமையில் கட்டி எடுத்திருந்தால் 67805 ஒரு முறைதான். 67800-ஐ இரண்டு வரியாக, வேறு வேறு இ மாடிஃபையரோடு போடுவது பிரித்துப் பில் செய்வதாகவே கொள்ளப்படும்.

இவை எல்லாம் பயிற்சியில் கற்றுக்கொள்ளக்கூடியவை. இதில் பிழை வந்தால் கோடரிடம் கேட்பது நியாயம்; கியூ.ஏ. (தரச் சோதனை) எரர் போடட்டும், ரீபட்டல் (மறுப்பு விளக்கம்) எழுதலாம், திருத்திக்கொள்ளலாம். எங்கள் கோபம் இதைப் பற்றியது அல்ல.

59-க்கு வருவோம். ஒரு சார்ட்டின் சாரத்தை மட்டும் சொல்கிறோம். நோயாளியை அடையாளம் காட்டும் எதுவும் இதில் இல்லை. நோய்க் கோடு எச்02.403, இரு பக்க இமைத் தொய்வு. அறுவைக் குறிப்பு சொல்வது: இமை மடிப்பில் கீறல், மிகைச் சருமம் ஒரு பட்டையாக வெட்டி எடுக்கப்பட்டது, அதே கீறல் வழியே லெவேட்டர் தசைநாரைப் பிரித்தெடுத்து முன்னிழுத்து டார்சஸ் தட்டில் தைக்கப்பட்டது, தோல் மூடப்பட்டது, மறுபுறமும் அவ்வாறே. இதற்குச் சரியான கோடு 67904-50. அத்தோடு முடிந்தது. வெட்டிய சருமத்துக்கு 15823 (பிளெஃபரோபிளாஸ்டி) என்று தனியே ஒரு வரி கிடையாது. கீறல் ஒன்று, இமை ஒன்று. தைப்பதற்கு வழிவிட்டு எடுத்த தோல் அந்த அறுவையின் பகுதி. சேர்த்துப் பில் செய்யக் கூடாத கோடுகளைச் சொல்லும் என்.சி.சி.ஐ. எடிட் இந்த இரண்டு கோடுகளையும் கட்டிப்போட்டிருப்பது இதனால்தான். எடிட்டில் மாடிஃபையருக்கு இடம் விட்டிருப்பது வேறு சூழலுக்காக: வலது மேல் இமையில் தொய்வு மட்டும், இடது மேல் இமையில் மிகைச் சருமம் மட்டும் என்றால் 67904-இ3, 15823-இ1, அதோடு எக்ஸ்.எஸ். (வேறு உறுப்பு என்று குறிப்பது) அல்லது 59. இரண்டும் வேறு வேறு இமை என்று அந்த மாடிஃபையர் சொல்கிறது. அது சொல்வது உண்மையாக இருக்க வேண்டும்.

இதில் தெளிவின்மை இருந்தது என்று யாரும் வாதிட முடியாது. அமெரிக்காவின் மெடிகேர் நிர்வாகமே 2016-இல் இதை வெளிப்படையாக எழுதிவிட்டது. 59 போட்டு பிளெஃபரோபிளாஸ்டியைப் பிரிக்கக் கூடாது. பிரித்துப் பில் செய்வதற்காக பிளெஃபரோபிளாஸ்டியை வேறொரு நாளில் செய்யக் கூடாது. தோலை எடுத்ததற்கு "அழகு அறுவை" என்று நோயாளியிடம் தனியே பணம் வாங்கவும் கூடாது. 2020 ஜூலை 1 முதல் மருத்துவமனை வெளிநோயாளிப் பிரிவில் நடக்கும் இமை அறுவைகளுக்கு மெடிகேரின் முன்னனுமதியே தேவை. புகைப்படம், பார்வைப் பரப்புச் சோதனை, கருவிழி ஒளிப்புள்ளிக்கும் இமை விளிம்புக்கும் உள்ள தூரம் எல்லாம் கேட்கிறார்கள். இமை அறுவை பில்களை ஐயத்தோடு பார்க்கிறார்கள் என்று அந்த நாட்டில் தொழில் செய்கிற எவருக்கும் தெரியும். நம் ஊரில் டீம் நடத்துகிறவர்களுக்கும் தெரியும்.

தெரிந்தும் என்ன செய்தார்கள்? மேலே சொன்ன சார்ட்டில் கோடர் முதலில் 67904-50 மட்டுமே போட்டிருக்கிறார். கிளையன்ட் தரப்பில் 15823 சேர்க்கச் சொல்லியிருக்கிறார்கள், சேர்த்தார், பண்டில் (67904-இலேயே அடங்கியது) என்று டினையல் வந்தது. உடனே டீமுக்கு வந்த சொல், "59 போட்டுத் திருப்பி அனுப்பு". கோடரான அந்தப் பெண், மருத்துவருக்கு குவெரி (விளக்கம் கேட்கும் கேள்வி) அனுப்ப அனுமதி கேட்டிருக்கிறார். குவெரி போனால் டேட் (வேலையை முடித்துத் தரும் கெடு) கெடும், டார்கெட் விழும் என்று பதில். அந்தப் பதில் மின்னஞ்சலில் வரவில்லை, வாய்மொழியாக வந்தது. சார்ட்டில் பதிவானது அவருடைய ஐ.டி. ஒன்றுதான். ஆடிட்டர் வந்து பார்த்தபோது 59 போட்டது யார் என்று கணினி சொன்னது. போடச் சொன்னது யார் என்று கணினிக்குத் தெரியாது.

அறுவை அரங்கில் கோடர் இருந்ததில்லை. நோயாளியின் இமையை அவர் பார்த்ததில்லை. மருத்துவர் எழுதிய குறிப்பைத் தவிர அவரிடம் வேறு சாட்சி கிடையாது. அந்தக் குறிப்பில் இல்லாத ஒன்றை மாடிஃபையராகப் போடு என்பது, பார்க்காததைப் பார்த்ததாகச் சொல் என்பதுதான். இந்த வாக்கியம் கடுமையாக இருக்கிறது, மென்மையாக்கலாம் என்று செயற்குழுவில் கருத்து வந்தது. விவாதத்துக்குப் பின் இப்படியே இருக்கட்டும் என்று விட்டோம். 1863-ஆம் ஆண்டின் அமெரிக்கப் பொய்க் கோரிக்கைச் சட்டம், தெரிந்தே பொய்க் கணக்குக் கொடுத்தால் மும்மடங்கு இழப்பீடும் ஒவ்வொரு கோரிக்கைக்கும் தனி அபராதமும் விதிக்கிறது. உண்மையை அறிய மறுத்து, கண்ணை மூடிக்கொண்டு அனுப்பினாலும் அந்தச் சட்டத்தின் பார்வையில் அது தெரிந்து செய்ததே. குவெரியைத் தடுத்தவர்கள் இதை ஒரு முறை படித்துப் பார்க்க வேண்டும்.

வேலை போனதன் வலி வெளியூரில் இருப்பவர்களுக்குப் புரியாமல் போகலாம். செந்துறையிலும் ஆண்டிமடத்திலும் குன்னத்திலும் மைக்ரோபயாலஜி, பயோடெக்னாலஜி, பார்மசி படித்து முடித்த பெண்ணுக்கு அருகே என்ன வேலை இருக்கிறது? அரியலூரில் சிமென்ட் ஆலைகளும் சுண்ணாம்புக்கல் சுரங்கங்களும் இருக்கின்றன. பெரம்பலூர்ப் பக்கம் மக்காச்சோளமும் பருத்தியும். பட்டப்படிப்புக்கு ஏற்ற வேலையென்றால் திருச்சியோ சென்னையோ போக வேண்டும், அல்லது 2020-க்குப் பிறகு வந்த வழியில் வீட்டில் உட்கார்ந்து செய்ய வேண்டும். நகையை அடகு வைத்துப் பயிற்சிக் கட்டணம் கட்டியவர்கள் நம்மில் உண்டு. சி.பி.சி. என்ற கோடிங் சான்றிதழ்த் தேர்வு நான்கு மணி நேரம், நூறு கேள்வி, எழுபது சதவீதம் எடுத்தால் தேர்ச்சி. தேறிய பின்னும் பெயரோடு "ஏ" என்ற பயிற்சிநிலை எழுத்து நிற்கும். அதை நீக்க அனுபவத்தை உறுதிசெய்யும் கடிதம் வேண்டும். அதைத் தர வேண்டியது வேலையை விட்டு அனுப்பிய அதே நிறுவனம். அனுபவச் சான்றை நிறுத்திவைப்பதும், பின்புல விசாரணைக்குப் போன் வந்தால் "நேர்மைப் பிரச்சினை" என்று சொல்வதும் தண்டனைக்கு மேல் தண்டனை. அடுத்த கம்பெனியில் தகுதியோடு நேர்முகத்துக்குப் போகிற பிள்ளையைக் கதவருகே நிறுத்துகிற செயல் அது.

இதனால் செயற்குழு சில முடிவுகளுக்கு வந்திருக்கிறது. உறுப்பினர்கள் இயன்ற வரை இவற்றைப் பின்பற்ற வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறோம். ஒரே இமையில் தொய்வு அறுவையும் பிளெஃபரோபிளாஸ்டியும் என்றால் 59, எக்ஸ்.எஸ். எதுவும் போடாதீர்கள். போடச் சொன்னால் எழுத்தில் கேளுங்கள். எழுத்தில் தர மறுத்தால், இன்ன தேதியில் இன்னார் இப்படிச் சொன்னார் என்று நீங்களே அலுவலக மின்னஞ்சலில் எழுதி அவருக்கே அனுப்புங்கள். நோயாளி விவரம், சார்ட் நகல், ஸ்கிரீன்ஷாட் எதையும் வெளியே கொண்டு வராதீர்கள்; நோயாளியின் அந்தரங்கம் எங்கள் கோபத்தை விடப் பெரியது, சட்டமும் அப்படியே சொல்கிறது. சார்ட் எண்ணைக் கூட எங்களுக்கு அனுப்ப வேண்டாம்.

நிறுவனங்களிடம் நாங்கள் கேட்பது அதிகமில்லை. மாடிஃபையர் குறித்த ஒவ்வொரு கட்டளையும் எழுத்தில் இருக்க வேண்டும். குவெரிக்கான நேரத்தை உற்பத்தி இலக்கிலிருந்து கழிக்க வேண்டும். கட்டளைப்படி செய்ததற்கு எரரைக் கோடரின் தலையில் எழுதக் கூடாது. வேலையை விட்டு நீங்கியவர்களின் அனுபவச் சான்றை உடனே கொடுக்க வேண்டும். இந்த முதல் மூன்று கோரிக்கைகளின் சொற்கள் பேச்சுவார்த்தையில் மாறலாம். நான்காவது மாறாது.

ஆறு மாதத்துக்குக் குறையாமல் தொடர்ந்து வேலை பார்த்தவரைத் தகுந்த காரணமும் முன்னறிவிப்பும் இல்லாமல் நீக்கக் கூடாது என்று 1947-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டம் 41-ஆம் பிரிவில் சொல்கிறது. மேல்முறையீட்டுக்கும் வழி வைத்திருக்கிறது. ஒவ்வொருவரின் நிலையும் வேறு என்பதால், வழக்கறிஞரைக் கலந்த பிறகே இதில் இறங்குவது என்று தற்போதைக்கு முடிவு. மேல்முறையீட்டுக் காலக்கெடு கடந்துவிடக் கூடாது என்பதால் கடிதம் வாங்கியவர்கள் தாமதிக்க வேண்டாம்.

முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தில் வேலை பார்க்கும் உறுப்பினர்கள் கேட்டதற்கு ஒரு வரி: அது பேக்கேஜ் முறை, இந்த மாடிஃபையர் விதிகள் அங்கே பொருந்தா, ஆனால் எந்தக் கண், எந்த இமை என்று முன்னனுமதியில் எழுதியதும் அறுவைக் குறிப்பும் ஒத்துப்போக வேண்டும் என்பது அங்கேயும் உண்டு.

பயிற்சி மையங்கள் 59-ஐ "டினையல் திறக்கும் சாவி" என்று கற்றுக்கொடுப்பதைக் கண்டித்து ஒரு பத்தி வரைவில் இருந்தது. நம் உறுப்பினர்கள் சிலரே அங்கே பாடம் எடுப்பதால் அதைத் தனித் தீர்மானமாக அடுத்த கூட்டத்துக்கு எடுத்துச் செல்வது என்று ஒப்புக்கொண்டோம். அதை இப்போதே சேர்த்திருக்க வேண்டும் என்று கருதிய இருவரின் மறுப்பு, அவர்கள் கேட்டுக்கொண்டபடி இங்கே பதிவு செய்யப்படுகிறது.

கடிதம் வாங்கிய உறுப்பினர்கள் பணி நியமன ஆணை, சம்பளச் சீட்டு, நீக்கக் கடிதம் ஆகியவற்றின் நகலை மட்டும் இந்த மாத இறுதிக்குள் செயலாளரிடம் நேரில் கொடுக்கவும்.