டாம் குட் துறந்தது எதை?

பிபிசியின் 'தி குட் லைஃப்' நகைச்சுவைத் தொடர் 1975 ஏப்ரல் 4-ல் தொடங்கியது. முதல் பகுதியில் டாம் குட்டுக்கு 40 வயதாகிறது. காலை உணவுப் பாக்கெட்டில் இலவசமாகப் போடும் பிளாஸ்டிக் பொம்மையை வடிவமைக்கும் வேலை வெறுத்துப்போய் விட்டுவிடுகிறார். இனி லண்டனை ஒட்டிய சர்பிட்டன் வீட்டுத் தோட்டத்தில் விளைவதுதான் சாப்பாடு. மனைவி பார்பராவும் சம்மதிக்கிறார்.

"பணத்தைத் தூக்கியெறிந்த மனிதர்!" என்று ரசிகர்கள் கைதட்டுகிறார்கள். கொஞ்சம் கணக்கையும் பாருங்கள் சாமி! வீட்டுக்கடன் ஏற்கெனவே அடைந்துவிட்டது. தோட்டமும் சொந்தம். அந்த வருடம் பிரிட்டனில் விலைவாசி சுமார் 24 சதவீதம் ஏறியது. வாடகை வீட்டுக்காரன் இப்படி வேலையை விட்டிருந்தால் காமெடி இல்லை, நடுத்தெருதான்.

டாம் துறந்தது சம்பளத்தை. முதலை அல்ல. தொடர் இதை மறைக்கவில்லை, கைதட்டுகிறவர்கள்தான் மறந்துவிடுகிறார்கள்.