ரத்து என்றால் தப்பவிடுவதா?

காப்பீட்டு அதிகாரிகள் மீதான குற்றப் புகார்களை நீதிமன்றங்கள் ரத்து செய்வது, பெரிய நிறுவனங்களைத் தப்பவிடும் வேலை என்கிறார்கள். கோபத்தில் நியாயம் இருக்கிறது, வாதத்தில் இல்லை.

கிளெய்மை மறுப்பது வேறு, மோசடி வேறு. வாக்குறுதி தந்தபோதே ஏமாற்றும் எண்ணம் இருந்தால்தான் மோசடிக் குற்றம் என்று 2000-இல் ஹிருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. நிறுவனத்தின் தவறுக்காக நிர்வாக இயக்குநரைத் தானாகவே குற்றவாளியாக்க இந்திய தண்டனைச் சட்டத்தில் இடமில்லை என்றது மக்சூத் சையது வழக்கு. கிளெய்மில் கையெழுத்துகூடப் போடாத அதிகாரியின் பெயரைப் புகாரில் சேர்ப்பது நீதி தேடுவதல்ல, மிரட்டிப் பணம் கேட்பது.

போலிக் கையெழுத்து, திருத்திய ஆவணம் என்று ஆதாரம் இருந்தால் கதை வேறு. அப்போது தொடர்புடையவர்மீது வழக்கு நடக்கத்தான் வேண்டும். அதை முளையிலேயே கிள்ளினால் நானும் எதிர்ப்பேன்.

ஆனால் புகார் ரத்தானால் உங்கள் இழப்பீட்டு உரிமை ரத்தாவதில்லை. நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. கெடு 2 ஆண்டு. காப்பீட்டுக் குறைதீர்ப்பாளர் 50 லட்சம் ரூபாய் வரை உத்தரவிடலாம். கட்டணமில்லை, வக்கீலும் வேண்டாம். ஆயுள் காப்பீட்டை 3 ஆண்டுக்குப் பின் எந்தக் காரணம் சொல்லியும் கேள்வி கேட்க முடியாது என்கிறது காப்பீட்டுச் சட்டத்தின் 45-ஆம் பிரிவு.

அதிகாரி சிறைக்குப் போனால் மருத்துவமனை பில் அடைந்துவிடாது. காவல் நிலையப் படியேறிக் கெடுவைத் தவறவிடாதீர்கள். பணம் கிடைக்கும் கதவைத் தட்டுங்கள்.